மாமி பார்த்த என் நடிப்பு

நான் முதன்முதல் நடித்தது முதுகால். முகம் வரவில்லை.

அந்த நாளில் பனிச்சங்கேணி ஆற்றில் அத்தாங்கு வலையோடு இறங்கி இறால் பிடிப்பதுதான் என் தொழில். இடுப்பளவு தண்ணீரில் சேற்றோடு சேர்த்து வலையைத் தள்ளிக்கொண்டு போக வேண்டும். ஒருநாள் பாலத்தடியில் ஒரு வான் வண்டியில் ஆட்கள் வந்து இறங்கினார்கள். தொலைக்காட்சி நாடகம் எடுக்க வந்தோம் என்றார்கள். கதாநாயகியாக வந்த பிள்ளை கொழும்பில் வளர்ந்தது. ஆற்றில் இரண்டு அடி வைத்ததும் சேறு காலை இழுக்க, அது பயந்து அழுதுவிட்டது. கரையில் நின்ற என்னிடம், அந்தப் பிள்ளையின் உடுப்பைப் போட்டுக்கொண்டு கொஞ்சத் தூரம் வலை தள்ளிக் காட்டுவீர்களா என்று கேட்டார்கள். திரும்பிப் பார்க்கக் கூடாது, அவ்வளவுதான் என்றார்கள். திரும்பிப் பார்க்கச் சொல்லியிருந்தால் நான் வீட்டுக்கு ஓடியிருப்பேன். முதுகைக் காட்டச் சொன்னபடியால் நடந்தேன்.

நாடகம் வந்தபோது எங்கள் வீட்டில் டிவி இல்லை. பக்கத்து வீட்டு விறாந்தையில் போய் இருந்து பார்த்தோம். நான் யாரிடமும் சொல்லவில்லை. எனக்கு அப்படிச் சொல்லிக்கொள்ள வராது. ஆனால் மாமி கண்டுபிடித்துவிட்டா.

“அது உண்ட முதுகுதானே புள்ள?”

நான் சேலைத் தலைப்பை இழுத்து முதுகை மூடிக்கொண்டேன்.

“அதுதானே பாத்தன். அந்தப் புள்ள திரும்பினா இருபது வயசு, நடந்தா நாப்பத்தஞ்சு வயசு.”

விறாந்தையில் இருந்த எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு முகத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. ஆனாலும் உள்ளுக்குள் ஒரு சந்தோசம் இருந்தது. அன்றிலிருந்து நான் நடித்த எல்லாவற்றையும் மாமி பார்த்தா. என் நடிப்பைப் பற்றி உண்மையைச் சொன்னது அவ ஓராள்தான்.

மாமி என்றால் என் புருஷனின் தாய். எங்கள் பக்கத்தில் கலியாணம் முடித்தால் ஆம்பிளைதான் பொண்டாட்டியின் வீட்டுக்கு வந்து இருப்பார். வீடு பெண்ணுக்குக் கொடுக்கிறது. ஆகவே புருஷனின் தாய் மருமகளோடு வந்து இருப்பது இங்கே வழக்கமில்லாத காரியம். மாமிக்கு வாகரையில் சொந்த வீடு இருந்தது, பக்கத்தில் மகளும் இருந்தா. யுத்தப் பிரச்சினைக் காலத்தில் ஒருநாள் காலையில் என் புருஷன் சந்திக்குப் போய்வருகிறேன் என்று சைக்கிளில் போனார். சைக்கிள் மட்டும் ஒரு மதிலோரம் சாத்தியபடி கிடந்தது. அவர் வரவில்லை. எனக்கு அப்போது இருபத்தெட்டு வயது. மகளுக்கு மூன்று.

கொஞ்ச நாள் கழித்து மாமி ஒரு பேக்கோடு என் வேலிப் படலையைத் தள்ளித் திறந்துகொண்டு வந்து நின்றா.

“அவன் வந்தா இஞ்சதான் வருவான். எண்ட வீட்டுக்கா வரப்போறான்? நான் அங்க இருந்து என்ன செய்ய?” என்றா.

அப்படி வந்தவதான். அதற்குப் பிறகு இரண்டு முறை இடம்பெயர்ந்தோம். ஒரு முறை கடல் வந்து வீட்டைக் கொண்டுபோனது. பிறகு வீட்டுத் திட்டத்தில் வீடு கட்டித் தர வந்தவர்கள், கொஞ்சம் மேட்டுப் பக்கமாகக் காணி தருகிறோம் என்றார்கள். மாமி விடவில்லை. பழைய வளவில்தான் கட்ட வேண்டும், வாசலும் பழையபடி ஆற்றைப் பார்த்துத்தான் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் அவன் வந்து தடுமாறுவான் என்று மல்லுக்கு நின்றா. படலைக்குப் பூட்டுப் போடவும் விடமாட்டா. கள்ளன் வந்தால் வரட்டும், எங்களிடம் என்ன இருக்கிறது என்பா.

அவருடைய படம் ஒன்று இருந்தது. அடையாள அட்டைக்கு எடுத்ததை டவுனில் கொடுத்துப் பெருப்பித்தது. வெள்ளைச் சேட் போட்டு, பக்க வகிடு எடுத்திருந்தார். ஓடின நேரமெல்லாம் அதைப் பொலித்தீனில் சுற்றி மாமி இடுப்பில் கட்டியிருந்தா. புது வீட்டில் நான் அதைச் சுவரில் மாட்டப் போனபோது கையைப் பிடித்தா.

“ஆணியில தொங்கிறது செத்த ஆக்கள். அவன் கண்ணாடிக்குப் பக்கத்தில, சீப்போட இருக்கட்டும். வந்து தலை இழுக்க வேணும்தானே.”

அப்படியே வைத்தோம். என் பொட்டையும் நான் அழிக்கவில்லை. ஊரில் என்னைப் போல நிறையப் பேர். வராத புருஷனுக்காகப் பொட்டு வைத்திருக்கிறவர்கள். யாரும் யாரையும் கேட்பதில்லை.

முதுகுக்குப் பிறகு முகமும் நடிக்கத் தொடங்கியது. அந்த வானில் வந்தவர்களில் ஒரு தம்பி மட்டக்களப்புக்காரர். கமராப் பெட்டி தூக்குகிறவராக வந்தவர், பிறகு தானே படம் எடுக்கத் தொடங்கினார். ஆள் தேவைப்பட்டால் என்னைக் கூப்பிடுவார். அவரைப் பார்த்து வேறு ஆட்களும் கூப்பிட்டார்கள். வெட்கப்படுகிற பொம்பிளை எப்படி நடிக்கப் போனாய் என்று என் மகள் கேட்பாள். வெட்கப்படுகிற ஆளுக்கு அது லேசு. எங்கே நிற்க வேண்டும், எப்போது திரும்ப வேண்டும், என்ன சொல்ல வேண்டும், எல்லாம் அவர்களே சொல்லித் தருவார்கள். ஒரு கலியாண வீட்டுக்குப் போனால்தான் என்ன பேசுவதென்று தெரியாமல் அடுப்படிப் பக்கம் போய்விடுவேன்.

நான் ஐந்தாம் வகுப்பு மட்டும் படித்தவள். வசனத்தை எழுதித் தந்தால் இரண்டு நாள் சத்தம் போட்டு வாசித்துப் பாடமாக்குவேன். மாமி மற்றப் பாத்திரத்தின் வசனத்தைச் சொல்லுவா. பொலிஸ்காரன் வேஷமும் அவதான், டொக்டர் வேஷமும் அவதான். டொக்டருக்கு வெற்றிலை வாய்.

வேஷங்கள் பெரிதாக ஒன்றுமில்லை. முகாமில் வரிசையில் நிற்கிற பொம்பிளை. ஆஸ்பத்திரி வாசலில் இருக்கிற பொம்பிளை. பொடியன்மார் எடுத்த ஒரு குறும்படத்தில் மகனுக்குச் சோறு போடுகிற அம்மா. அதைப் பார்த்துவிட்டு மாமி, “சோறு போடுறவ சட்டியப் பாக்க வேணும், இல்லாட்டிப் புள்ளைட முகத்தப் பாக்க வேணும். நீ என்ன, சோத்தக் கமராக்காரனுக்கா போட்டாய்?” என்றா. செத்த வீட்டில் அழுகிற பக்கத்து வீட்டுக்காரியாக ஒரு நாடகத்தில் வந்தேன். அதற்கு, “நெஞ்சில அடிக்கிற சத்தமே கேக்கல்ல. தொட்டில் புள்ளையத் தட்டுற மாதிரித் தட்டுறாய்,” என்றா. வெளிநாட்டிலிருந்து வந்தவர்கள் எடுத்த ஒரு பெரிய படத்துக்காக மூன்று நாள் வெயிலில் நின்றேன். படத்தில் நான் வந்து போனபோது மாமி வெற்றிலைக்குச் சுண்ணாம்பு எடுக்கக் குனிந்திருந்தா. நிமிர்ந்து “எங்க நீ?” என்றா. போய்விட்டேன் என்றேன்.

ஆனாலும் ஆட்கள் முகத்தைப் பிடித்துக்கொண்டார்கள். கிளினிக்கில் ஒரு பிள்ளை, “நீங்கதானே அந்த அழுற அம்மா?” என்று கேட்டது. இல்லை மகள், அது வேறு ஆள் என்று சொல்லிவிட்டு, என் இலக்கம் கூப்பிடும்வரை சுவரைப் பார்த்துக்கொண்டு இருந்தேன்.

ஆறேழு வருசத்துக்கு முன் அந்தத் தம்பி எனக்குப் பெரிய வேஷம் ஒன்று கொண்டு வந்தார். முழுக்க என் முகம் வருகிற காட்சி. இரண்டு நிமிசம் நான் மட்டும் பேச வேண்டும். புருஷனை இழந்த ஒரு பொம்பிளை, சுவரில் இருக்கிற புருஷனின் படத்தோடு பேசுகிறாள். “நீங்க இனி வரமாட்டீங்க எண்டு எனக்குத் தெரியும். தெரிஞ்சுதான் இவ்வளவு நாளும் தெரியாத மாதிரி இருந்தன்.” இதுதான் முக்கியமான வசனம். கைம்பெண் வேஷம் எனக்கு அதுவரை வந்ததில்லை. யோசித்தேன். ஆனால் ஆசையாக இருந்தது. அதைச் சொல்ல வெட்கமாக இருந்தாலும் ஆசையாகத்தான் இருந்தது. யாரோ ஒரு கிழவரின் படத்தோடுதானே பேசப் போகிறேன் என்று சம்மதித்தேன். அந்த வசனத்தை மட்டும் மாமியோடு சொல்லிப் பார்க்கவில்லை. அடுப்படியில் நின்று மெல்லச் சொல்லிப் பாடமாக்கினேன்.

எங்கள் வீட்டிலேயே எடுப்போம், ஆறு தெரிகிற வாசல் நல்லது என்றார்கள். மாமியின் இருமல் சத்தத்தில் விழும் என்பதால், எடுக்கிற மூன்று நாளும் அவவை வாகரைக்கு மகள் வீட்டுக்கு அனுப்பினோம். “எண்ட இருமலுக்கும் ஒரு வேஷம் குடுத்தா என்ன குறைஞ்சு போகும்?” என்று முணுமுணுத்துக்கொண்டுதான் பஸ் ஏறினா.

மேக்கப் போட வந்தவ டவுனில் இருந்து வந்த ஒரு பறங்கி அக்கா. போர்த்துக்கேயர் வழி வந்த வயதான மனுசி. பஞ்சில் தேங்காயெண்ணெய் தொட்டு வைத்துக்கொண்டு, “அழிக்கட்டா?” என்று கேட்டா. அவ மட்டும்தான் கேட்டா. நான் கண்ணை மூடினேன். “முடிஞ்சதும் நானே வச்சு விடுறன் பிள்ளை,” என்றா. நெற்றியில் அந்த இடம் குளிர்ந்துபோய்க் கிடந்தது.

வெள்ளைச் சேலையோடு நான் வாசற்படியில் இருந்தபோது உள்ளே சத்தம் கேட்டது. கிரவல் றோட்டில் வந்த குலுக்கலில் அவர்கள் கொண்டு வந்த கிழவரின் படம் கண்ணாடி உடைந்து, படமும் கிழிந்து போயிருந்தது. சாமான்கள் ஒழுங்குபடுத்துகிற தம்பி ஒருவர், அவரை நான் முன்னம் கண்டதில்லை, வீட்டுக்குள் தேடியிருக்கிறார். கண்ணாடிக்குப் பக்கத்தில் இருந்த படத்தோடு என்னிடம் வந்தார்.

“அம்மா, இது ஐயாவா?”

“ஓம்.”

அந்தத் தம்பி என் நெற்றியைப் பார்த்தார். பிறகு படத்தைப் பார்த்தார். செருப்பைக் கழற்றிவிட்டுப் படத்தை ஒருமுறை கும்பிட்டார்.

“நல்ல முகம் அம்மா. கவனமா வச்சுத் தாறன்.”

அவர் மேல் ஒரு பிழையும் இல்லை. வெறும் நெற்றியோடு வெள்ளைச் சேலையில் இருக்கிற ஒருத்தியிடம் அவர் வேறு என்னத்தை நினைப்பார்? அவர் செத்தவர் இல்லை தம்பி என்று நான் சொல்லியிருக்க வேண்டும். அப்போ எங்கே என்று கேட்பார். அதற்கு என்ன சொல்வது? பத்துப் பன்னிரண்டு பேர் லைட்டும் வயருமாக நிற்கிற இடத்தில் அந்தக் கதையை எடுக்க என் வாய்க்கு வரவில்லை. அந்தத் தம்பி சுவரில் ஆணி அடிக்கிற சத்தம் கேட்டது. வேலியோரம் நின்ற நந்தியாவட்டையில் பூப் பறித்து, நூல் எடுத்துப் பக்குவமாகக் கட்டினார். சின்ன மஞ்சள் பல்ப் ஒன்றும் கொளுத்தினார்.

எனக்கு இந்த வேஷம் கொண்டு வந்த நாடகத் தம்பி வந்து பார்த்துவிட்டு என்னிடம் திரும்பினார். அவருக்கு என் கதை ஓரளவு தெரியும். முகம் மாறியது. “அம்மா, இது...” என்று இழுத்தார். நான் தலையை ஆட்டினேன். என்னத்துக்கு ஆட்டினேன் என்று எனக்கே தெரியாது. “தூரத்தில மங்கலாத்தான் தெரியும், யாருக்கும் விளங்காது,” என்றார்.

பிறகு அந்தப் படத்துக்கு முன்னால் என்னை நிற்கவிட்டார்கள்.

கண்ணுக்கு ஊற்றுகிற மருந்தைப் பறங்கி அக்கா கையில் வைத்திருந்தா. தேவைப்படவில்லை. மாலைக்குள் இருந்த அந்த முகத்தைப் பார்த்தேன். முப்பத்திரண்டு வயது. நான் கிழவியாகிவிட்டேன், இவர் அப்படியே இருக்கிறார். அப்போதுதான் எனக்கு அது முதன்முதல் தெரிந்தது. தெரிந்தது என்றால், மனம் ஒத்துக்கொண்டது. வசனம் தானாக வந்தது. எழுதித் தந்ததைத்தான் சொன்னேன், ஒரு சொல் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. ஆனால் அதை நான் நடிக்கவில்லை.

முடிந்ததும் எல்லோரும் கை தட்டினார்கள். திருப்பி எடுக்கத் தேவையில்லை என்றார்கள். என் நடிப்புக்கு யாரும் அதற்கு முன் கை தட்டியதில்லை. எனக்குச் சந்தோசமாக இருந்தது. அதையும் எழுதத்தான் வேண்டும். என் புருஷனின் படத்தில் மாலை தொங்கிக்கொண்டிருக்க, நான் சந்தோசப்பட்டேன்.

பறங்கி அக்கா சொன்னபடி பொட்டை வைத்து விட்டா. நான் மாலையைக் கழற்றி வேலிக்குப் பின்னால் போட்டேன், ஆடு தின்றது. படத்தைத் துடைத்துச் சீப்புப் பக்கத்தில் வைத்தேன். மாமி வந்து நுழைந்ததும் சுவரைத்தான் பார்த்தா.

“என்னத்துக்கு ஆணி?”

“கலண்டர் மாட்ட.”

“எங்க கலண்டர்?”

மறுநாள் சங்கக் கடையில் ஒரு கலண்டர் கேட்டு வாங்கி வந்து அதில் தொங்கவிட்டேன்.

நாடகம் வர ஏழெட்டு மாதம் பிடித்தது. அவ்வளவு நாளும் நான் மாமியிடம் சொல்லியிருக்கலாம். ஒவ்வொரு நாளும் நாளைக்குச் சொல்வோம் என்று இருந்தேன். மங்கலாகத்தானே வரும், மாமிக்குக் கண்ணும் தெளிவில்லை என்று என்னையே தேற்றிக்கொண்டேன். அப்போது எங்கள் வீட்டிலும் டிவி இருந்தது, குருக்கள்மடத்தில் கலியாணம் முடித்திருக்கிற மகள் வாங்கித் தந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் நாலு மணிக்கு நாடகம். மாமி குளித்து, வெற்றிலைத் தட்டத்தோடு டிவிக்கு நேரே கதிரையை இழுத்துப் போட்டு இருந்தா. “இண்டைக்கு முழு முகமும் வருதாம்,” என்று வேலிக்கு அங்கால நின்றவர்களுக்குச் சொன்னா. எனக்காக அவ பெருமைப்பட்டதை நான் அன்றுதான் கண்டேன்.

அந்தக் காட்சி வந்தது. முதலில் என் முகம். பிறகு படம். மங்கலாக இல்லை. டிவி முழுவதும் அவர் முகம். வெள்ளைச் சேட், பக்க வகிடு, நந்தியாவட்டை மாலை. கண்ணிமை மயிரைக் கூட எண்ணலாம் போல அவ்வளவு தெளிவு. பின்னால் என் குரல், நீங்கள் இனி வரமாட்டீர்கள் என்று சொல்கிறது.

மாமி கத்தவில்லை. அழவுமில்லை. மடித்த வெற்றிலையை வாயில் வைக்காமல் தட்டத்தில் திருப்பி வைத்தா. நாடகம் முடிந்து விளம்பரம் போனது. அதையும் பார்த்துக்கொண்டு இருந்தா.

“எனக்கு எப்ப சொல்லுவம் எண்டு இருந்தாய்?”

“மாமி, அது நடிப்பு. அவங்கட படம் உடைஞ்சு போச்சு. அதால...”

“ஆர் வந்து சொன்ன? எந்த ஒபிசில இருந்து சொன்ன?”

“ஆரும் சொல்லல்ல மாமி. ஒரு செய்தியும் வரல்ல. சத்தியமா நடிப்பு.”

“உண்ட நடிப்பு எனக்குத் தெரியாதா புள்ள?” என்றா. கோபமில்லாத குரல். “நீ சோறு போட்டத நான் பாத்தன். நெஞ்சில தட்டினத பாத்தன். ஆசுப்பத்திரி வாசலில கொட்டாவி விட்ட மாதிரி அழுததையும் பாத்தன். இது அப்பிடி இல்லயே.”

நான் எழும்பிப் போய் டிவியை நிற்பாட்டினேன்.

மறுநாள் நாடகத் தம்பிக்குப் போன் எடுத்தேன். நானாக ஒருவருக்குப் போன் எடுத்தது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன். விசயத்தைச் சொன்னேன். அவர் பதறிப்போய் மோட்டார் சைக்கிளில் அன்றைக்கே வந்தார். கிட்டத்தில் எடுத்ததையும் வெட்டி ஒட்டினவர்கள் சேர்த்துவிட்டார்கள் என்று மன்னிப்புக் கேட்டார். மடியில் வைக்கிற கொம்பியூட்டர் ஒன்றும் கொண்டுவந்தார். எடுத்ததெல்லாம் இதில் இருக்கிறது, வெட்டாமல் ஒட்டாமல் காட்டினால் அம்மாவுக்கு விளங்கும் என்றார். மாமியின் காலடியில் சீமெந்துத் தரையில் இருந்து காட்டினார். ஆணி அடிக்கிறது, மாலை கட்டுகிறது, லைட்டைத் தூக்கிக்கொண்டு ஒருவர் தடக்கி விழுகிறது, நான் வெள்ளைச் சேலையோடு பிளேன்டீ குடிக்கிறது, எல்லாம் வந்தது. மாமி ஒன்று விடாமல் பார்த்தா. எனக்கு நம்பிக்கை வந்தது.

பிறகு அந்தக் காட்சி. அதுவும் முழுக்க வந்தது.

“இஞ்ச பாரு மனே,” என்று மாமி அவரைக் கேட்டா. “இதில இவ நடிச்சவளா?”

அந்தத் தம்பி நல்ல மனுசன். பொய் சொல்லத் தெரியாதவர். என் வேலையை மாமிக்கு முன்னால் உயர்த்திச் சொல்ல வேண்டும் என்றும் நினைத்திருப்பார்.

“இல்ல அம்மா. மருந்து ஒரு துளி கூட ஊத்தல்ல. அம்மா உண்மையா அழுதவங்க. அதாலதான் எல்லாரும் பாராட்டுறாங்க.”

சொன்ன பிறகுதான் என் முகத்தைப் பார்த்தார். மாமி அவருடைய தலையில் கை வைத்து, “நீ போயிற்று வா மனே,” என்றா.

அடுத்த நாள் கோயில் ஐயாவைக் கூப்பிடச் சொன்னா. எட்டும் முப்பத்தொண்டும் செய்ய வேண்டும் என்றா. உடல் இல்லை, செய்தி இல்லை, செத்த நாளும் தெரியாது, எந்த நாளிலிருந்து எண்ணுவது என்று ஐயா கேட்டார்.

“போன ஞாயிறு,” என்றா மாமி. “பின்னேரம் நாலு மணி.”

ஐயா என்னைப் பார்த்தார். நான் கீழே பார்த்தேன். அவர் அதற்குமேல் கேட்கவில்லை. இந்தப் பக்கத்தில் இருக்கிறவர்களுக்கு இதெல்லாம் விளங்கும்.

அப்படித்தான் என் புருஷனுக்கு ஒரு நாள் குறிக்கப்பட்டது. நாடகம் போட்ட ஞாயிற்றுக்கிழமையிலிருந்து எண்ணி எட்டாம் நாள் படைத்தோம். முப்பத்தோராம் நாள் ஆற்று வாயில் கிரியை செய்தோம். அவருடைய சேட் ஒன்றும் சாரம் ஒன்றும் மாமியிடம் இருந்தன. வருசா வருசம் சித்திரைக்கு முன் தோய்த்து, காயவைத்து, மடித்து வைப்பா. அதைத்தான் தண்ணீரில் விட்டது. உடனே தாழவில்லை. சேட்டின் கைக்குள் காற்று நின்று கொஞ்ச நேரம் மிதந்தது. மாமி கரையில் நின்று அது போகும்வரை பார்த்தா.

அன்று சமைத்ததெல்லாம் நான். நெற்றியில் பொட்டோடுதான் சமைத்தேன். வந்த பொம்பிளைகள் என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தங்களுக்குள் பேசினார்கள். மாமிதான் சத்தமாகச் சொன்னா.

“அவ வச்சிருக்கட்டும். அது அவக்கும் அவனுக்கும் உள்ளது. நான் பெத்தவள், எண்ட கடமைய நான் செய்யிறன்.”

மறுநாள் காலையில் மாமி பேக்கை எடுத்தா. முப்பது வருசத்துக்கு முன் கொண்டு வந்தது கடலோடு போய்விட்டது, இது வேறு. அதற்குள் இரண்டு சேலையும் வெற்றிலைத் தட்டமும்.

“எங்க மாமி?”

“வாகரைக்கு. மகளிட்ட.”

“எத்தின நாளைக்கு?”

மாமி சிரித்தா. “என்னகா கேக்கிறாய்? நான் இஞ்ச வந்தது அவன் வருவான் எண்டு. இனி இஞ்ச எனக்கு என்ன வேலை?”

எனக்காக இருங்கள் என்று நான் சொல்லியிருக்கலாம். முப்பது வருசம் ஒரே பானையில் சாப்பிட்டோம், ஒரே பாயில் படுத்தோம், ஒரே பயத்தில் ஓடினோம். அன்றைக்கும் என் வாய்க்கு வரவில்லை. பாலத்தடி வரைக்கும் பேக்கைத் தூக்கிக்கொண்டு போனேன். பஸ் வந்ததும், “படலைக்கு ஒரு பூட்டு வாங்கு. தனிய இருக்கிற பொம்பிளை,” என்றுவிட்டு ஏறினா. படத்தை அவ கேட்கவில்லை.

அந்த நாடகத்துக்குப் பிறகு எனக்கு நிறைய வேஷம் வந்தது. எல்லாம் ஒரே வேஷம். எங்கள் பக்கத்தில் எடுக்கிற கதையில் என் வயதுப் பொம்பிளைக்கு வேறு என்ன இருக்கிறது? ஒன்றில் கைம்பெண், இல்லாவிட்டால் பிள்ளையைப் பறிகொடுத்த தாய். மேக்கப் போடுகிறவர்கள் பஞ்சோடு வரும்போது, பொட்டு அழிக்கிற வேஷம் என்றால் வேறு ஆளைப் பாருங்கள் என்று சொன்னேன். இந்த ஒன்றைச் சொல்ல மட்டும் எனக்கு வாய் வந்தது. பிந்திவிட்டது. ஒருவர், “அம்மா, கமராவில் மறைச்சுக் காட்டலாம், பிரச்சினை இல்ல,” என்றார். இல்லை தம்பி என்றேன். அப்படியே கூப்பிடுவது குறைந்தது. பிறகு நின்றது. இப்போது நான் ஆற்றிலும் இறங்குவதில்லை, முழங்கால் விடாது. கரையில் மீன் வாடிக் கொட்டிலில் குந்தி இறால் உரிக்கிறேன்.

போன வருசம் நாடகத் தம்பி திரும்ப வந்தார். ஒரு தேயிலை விளம்பரம், சிரிக்கிற வேஷம், பொட்டும் பெரிதாக வைக்க வேண்டும் என்றார். போய்ச் சிரித்தேன். இருபது தரம் சிரிக்க வைத்து ஒன்றை எடுத்தார்கள். அதை என் மகளின் போனில் போட்டு வாங்கிக்கொண்டு, மாமிக்குக் காட்ட வாகரைக்குப் போனேன்.

மாமிக்கு இப்போது எண்பத்தைந்துக்கு மேலே. கண்ணில் வெள்ளை படர்ந்துவிட்டது. கட்டிலில் இருந்தா. போனை முகத்துக்குக் கிட்டக் கொண்டுபோய்ப் பிடித்தேன். மூன்று தரம் போடச் சொன்னா. பார்த்தாவா, சத்தத்தைக் கேட்டாவா தெரியாது.

“பல்லு மட்டும்தான் சிரிக்குது,” என்றா.

“ஓம் மாமி. இருபது தரம் சிரிச்சன்.”

“இருபதும் பல்லுதான்.”

பக்கத்தில் நின்ற அவவின் மகள் சிரித்தா. நானும் சிரித்தேன். மாமி கையை நீட்டி என் முகத்தைத் தடவினா. கன்னம், மூக்கு, நெற்றி. பொட்டில் விரல் வந்து நின்றது. ஸ்ரிக்கர் பொட்டு, ஓரம் கொஞ்சம் கிளம்பியிருந்தது. அதை அமத்தி ஒட்டினா.

மகள் தேத்தண்ணி போடப் போன பிறகு, குரலைத் தாழ்த்திக் கேட்டா.

“புள்ள, படலையப் பூட்டுறயா?”

அவ சொன்ன அன்றைக்கே பூட்டு வாங்கிவிட்டேன். ஒவ்வொரு நாளும் பொழுதுபட்டதும் பூட்டிவிட்டுத்தான் விளக்குக் கொளுத்துகிறேன்.

“இல்ல மாமி,” என்றேன். “திறந்துதான் கிடக்கு.”

மாமி அந்த வெள்ளைக் கண்ணோடு என் பக்கம் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தா. என் நடிப்பில் எப்போதும் ஏதாவது ஒன்று சொல்லுகிறவ, அன்றைக்கு ஒன்றும் சொல்லவில்லை. “ம்” என்றுவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தா.

அந்தப் பூட்டின் திறப்பு என் மடியில் இருந்த பேக்குக்குள் கிடந்தது. எழும்பும்போது சத்தம் போடாதபடி பேக்கை அமத்திப் பிடித்துக்கொண்டு எழும்பினேன்.